‘ரன்’ எங்கெல்லாம் ஓடுகிறது?

கேள்வி: பெரம்பூரிலிருந்து எழுதுகிறேன். எனக்கு முப்பத்தாறு ரன்னிங். பிளஸ் டூ வரை தமிழ் வழியில் படித்தேன். கிண்டியில் ஒரு ஏற்றுமதி நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் பதினோரு வருடமாக வேலை. ஆறு மாதமாக வெளிநாட்டு வாடிக்கையாளர்களுக்கு மெயில் போடும் வேலையும் என்னிடம் வந்திருக்கிறது. போன வாரம் லண்டனிலிருந்து ஒருவர், ‘கேன் யூ ரன் திஸ் பை யுவர் மேனேஜர்?’ என்று எழுதியிருந்தார். ஏதோ அவசரம், ஓடிப்போய்ச் சொல்லச் சொல்கிறார் என்று நினைத்து, மீட்டிங்கில் இருந்த மேனேஜரை வெளியே கூப்பிட்டுவிட்டேன். விஷயம் தெரிந்ததும் எல்லோரும் சிரித்தார்கள். அதே ஆள் ‘வி ஆர் ரன்னிங் லேட்’, ‘வி ஆர் ரன்னிங் லோ ஆன் ஸ்டாக்’ என்றெல்லாம் எழுதுகிறார். வீட்டுக்கு வந்து அகராதியைப் புரட்டினால் ‘ரன்’ பக்கம் பக்கமாகப் போகிறது. தினம் இருபது அர்த்தம் வீதம் மனப்பாடம் செய்யலாம் என்று இருக்கிறேன். இந்த வயதில் மண்டையில் ஏறுமா? – ம., பெரம்பூர்

பதில்:

அன்புள்ள ம. அவர்களுக்கு,

மனப்பாடம் வேண்டாம். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் இன்று ராத்திரியே நோட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவீர்கள்.

லண்டன்காரரின் மெயிலை முதலில் பார்த்துவிடுவோம். ‘ரன் திஸ் பை யுவர் மேனேஜர்’ என்றால், ‘இதை உங்கள் மேனேஜர் காதில் ஒரு வார்த்தை போட்டு வையுங்கள், அவர் என்ன நினைக்கிறார் என்று கேளுங்கள்’ என்று பொருள். அவசரம் எதுவும் அதில் இல்லை. சொல்லப்போனால் கொஞ்சம் நிதானமான, மரியாதையான கேட்பு அது. ‘ரன்னிங் லேட்’டை நீங்கள் ஏற்கெனவே நூறு தடவையாவது கேட்டிருப்பீர்கள். பெரம்பூர் ஸ்டேஷனில் நிற்கும்போது ஒலிபெருக்கியில் ரயில் எண்ணைச் சொல்லி ‘இஸ் ரன்னிங் லேட் பை’ இத்தனை நிமிஷம் என்று வருமே, அதேதான். ரயிலுக்குச் சொல்வதை மனிதர்கள் தங்கள் வேலைக்கும் சொல்லிக்கொள்கிறார்கள். ‘ரன்னிங் லோ ஆன் ஸ்டாக்’ என்றால் சரக்கு குறைந்துகொண்டே வருகிறது, இன்னும் தீரவில்லை.

சரி, இப்போது நீங்கள் பயந்த அகராதிக்கு வருகிறேன். நீங்கள் பயந்ததில் நியாயம் இருக்கிறது. ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கிலப் பேரகராதிக்காக ‘ரன்’ என்ற வினைச்சொல்லைத் திருத்தி எழுதும் வேலையைப் பீட்டர் கில்லிவர் என்ற அகராதியாளர் செய்தார். அந்த ஒரு சொல்லுக்கே அவருக்கு 9 மாதம் பிடித்தது. முடிவில் அவர் பிரித்துக் காட்டிய பொருள்கள் 645. அதற்கு முன்பு வெகுகாலம் ‘செட்’ என்ற சொல்தான் அந்த அகராதியில் மிக நீளமான பதிவு. 1989-இல் வந்த இரண்டாம் பதிப்பில் அதற்கு 430 பொருள்கள் இருந்தன. தாய்மொழியாகப் பேசுகிற, அதுவே தொழிலாக இருக்கிற ஒருவர் 9 மாதம் செலவழித்த சொல்லில் நீங்கள் ஓர் இடத்தில் தடுமாறினீர்கள். அவ்வளவுதான் நடந்தது. சிரித்தவர்களில் எத்தனை பேருக்கு அந்த 645-இல் ஐம்பது தெரியும் என்று நினைக்கிறீர்கள்?

ஆங்கிலேயர்கள் யாரும் 645-ஐயும் மனப்பாடம் செய்து பேசவில்லை. பிறகு எப்படிச் சமாளிக்கிறார்கள்? நீங்கள் ‘ஓடு’ என்ற நம் சொல்லை எப்படிச் சமாளிக்கிறீர்களோ அப்படித்தான்.

ஒரு நாளில் நீங்கள் இந்தச் சொல்லை எத்தனை விதமாகப் பேசுகிறீர்கள் என்று கொஞ்சம் கவனியுங்கள். காலையில் மோட்டார் ஓடுகிறது. பக்கத்து வீட்டில் டிவி ஓடிக்கொண்டிருக்கிறது. தியேட்டரில் ஒரு படம் மூன்று வாரமாக ஓடுகிறது. அண்ணன் கடை சுமாராக ஓடுகிறது. பங்குனியில் மயிலாப்பூர் மாட வீதியில் தேர் ஓடுகிறது. பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. எதிரில் இருப்பவர் பேசாமல் இருந்தால் அவர் மனசில் என்ன ஓடுகிறதோ என்று தவிக்கிறோம். வருஷம் எப்படி ஓடிப்போனது என்று பெருமூச்சு விடுகிறோம். பெண்ணும் பையனும் ‘ஓடிப்போய்விட்டார்கள்’ என்றால் யாரும் கால் ஓட்டத்தை நினைப்பதில்லை. இதையெல்லாம் யார் உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள்? எந்தப் பள்ளியில் இதற்குப் பரீட்சை வைத்தார்கள்? பக்கத்தில் நிற்கும் சொல்லே பொருளைக் காட்டிக்கொடுத்துவிடுகிறது.

நம் இலக்கணம் இதை எப்போதோ சொல்லி வைத்திருக்கிறது. பல பொருள் தரும் ஒரு சொல்லின் பொருளை, அதோடு வரும் வினையாலும் இனத்தாலும் சார்பாலும் தெரிந்துகொள்ளலாம் என்கிறது தொல்காப்பியத்தின் சொல்லதிகாரம். ‘மா பூத்தது’ என்றால் மரம், ‘மா ஓடியது’ என்றால் விலங்கு. வகுப்பில் இந்த ஓர் உதாரணத்தைச் சொல்லிவிட்டுத்தான் நான் ‘ரன்’ பக்கம் போவேன். முகங்களில் ஒரு தெளிவு வருவதைப் பார்த்திருக்கிறேன். ஆங்கிலத்துக்கு என்று தனியாக ஒரு மூளை வேண்டியதில்லை, தமிழுக்கு வைத்திருக்கும் அதே மூளை போதும்.

பழைய ஆங்கிலத்திலேயே ‘ரன்’னின் மூலச்சொல் காலால் ஓடுவதற்கும் தண்ணீர் ஓடுவதற்கும் பொதுவாக இருந்தது. நமக்கும் ஓடுகிற நீர்தானே ஓடை! பிறகு அங்கே இயந்திரங்கள் பெருகியபோது, அவை நடப்பதைச் சொல்லும் வேலையும் இந்தச் சொல்லின் தலையில் விழுந்தது. இன்ஜின் ‘ரன்’ ஆனது, தொழிற்சாலை ‘ரன்’ ஆனது, இன்று கம்ப்யூட்டரில் புரோகிராமும் ‘ரன்’ ஆகிறது. நாமும் அதைத் தமிழில் ‘ஓடுகிறது’ என்றுதான் சொல்கிறோம். ஆகப் பாதி தூரம் இரண்டு மொழியும் சேர்ந்தே போகின்றன.

நம்மவர்கள் இடறும் இடம் அதற்குப் பிறகு வருகிறது. இதை நிதானமாகப் படியுங்கள்.

தமிழில் ‘ஓடு’ வேறு, ‘ஓட்டு’ வேறு. பஸ் ஓடுகிறது, டிரைவர் பஸ்ஸை ஓட்டுகிறார். தானாக நடப்பது ஒன்று, ஒருவர் நடக்க வைப்பது இன்னொன்று. தன்வினை, பிறவினை என்று பள்ளியில் படித்தீர்களே, அது. நமக்கு அந்த ஒரு ‘ட்’ எல்லாவற்றையும் சொல்லிவிடும். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ‘ரன்’ ஒன்றுதான். ‘த மெஸ் ரன்ஸ் வெல்’ என்றால் மெஸ் நன்றாக ஓடுகிறது. ‘ஷி ரன்ஸ் எ மெஸ் இன் டிரிப்ளிகேன்’ என்றால் அவர் திருவல்லிக்கேணியில் ஒரு மெஸ் நடத்துகிறார். உங்கள் ஊர் 29சி பஸ்ஸையே எடுத்துக்கொள்ளுங்கள். அது பெரம்பூரிலிருந்து பெசன்ட் நகருக்கு ‘ரன்’ ஆகிறது, மாநகரப் போக்குவரத்துக் கழகம் அதை ‘ரன்’ செய்கிறது. மேலே சொன்ன மெஸ் வாக்கியங்களில் முதலாவதில் ‘ரன்’னுக்குப் பின்னால் நேராகப் பெயர்ச்சொல் இல்லை. இரண்டாவதில் இருக்கிறது. ‘ரன்’னைத் தொட்டுக்கொண்டு ஒரு பெயர்ச்சொல் நின்றால் மனசுக்குள் ‘ஓட்டு’ என்று படித்துப் பாருங்கள். பிறகு இடத்துக்குத் தக்கபடி நடத்து, இயக்கு என்று மாற்றிக்கொள்ளலாம். உங்கள் மேனேஜர் ‘ரன் த ரிப்போர்ட்’ என்று சொன்னால், ஸாஃப்ட்வேரில் அந்த அறிக்கையை ஓட்டி எடுங்கள் என்கிறார். ‘ஐ வில் ரன் யூ டு த ஸ்டேஷன்’ என்று ஒருவர் சொன்னால் உங்களை வண்டியில் கொண்டுபோய் ஸ்டேஷனில் விடுகிறேன் என்கிறார்.

இது எப்போதும் பொருந்துமா என்றால், பொருந்தாது. ‘ஷி ரேன் டென் கிலோமீட்டர்ஸ்’ என்பதில் கிலோமீட்டரை யாரும் ஓட்டவில்லை, அது ஓடிய தூரம். ‘ஹி இஸ் ரன்னிங் எ ஃபீவர்’ என்றால் அவருக்குக் காய்ச்சல் அடிக்கிறது. இந்த ‘அடிக்கிறது’ என்பதை ஒரு வெள்ளைக்காரருக்கு விளக்கிப் பாருங்கள், உங்கள் கஷ்டம் அவருக்கும் புரியும். ஆனாலும் அலுவலக மெயில்களில் இந்த ஓடு-ஓட்டு சோதனை பெரும்பாலும் கைகொடுக்கும்.

அடுத்தது, ‘ரன்’னுக்குப் பின்னால் ஒட்டிக்கொள்ளும் சின்னச் சொற்கள்: அவுட், இன்டு, பை, ஓவர், த்ரூ. இவை வந்துவிட்டால் ‘ஓடு’வை மறந்துவிட்டு இரண்டையும் சேர்த்து ஒரே சொல்லாக எடுத்துக்கொள்ள வேண்டும். தமிழில் ‘போட்டுக்கொடு’ என்பதில் போடுவதும் இல்லை, கொடுப்பதும் இல்லை அல்லவா, அதுபோல.

‘ரன் அவுட்’ என்றதும் நம் தெருவில் வளர்ந்த எவருக்கும் ஸ்டம்புதான் கண்ணில் வரும். ஆங்கிலத்தோடு பழகாத பிள்ளைக்கும் ‘ரன்’ என்ற சொல் கிரிக்கெட் வழியாகவே வீட்டுக்குள் வருகிறது. 1986 செப்டம்பரில் சேப்பாக்கத்தில் இந்தியாவும் ஆஸ்திரேலியாவும் ஆடிய டெஸ்ட் சமனில் முடிந்ததே, அப்போது அந்த ஒரு ரன் என்னவாக இருந்தது என்று எங்கள் தலைமுறைக்கு மறக்காது. பந்து எல்லைக்கோட்டைத் தாண்டினால் யாரும் ஓடாமலே நான்கு ரன். ஓடுவதிலிருந்து பிறந்த சொல் அங்கே வெறும் கணக்காக மாறிவிட்டது. ஆனால் மெயிலில் வரும் ‘ரன் அவுட்’டுக்கும் மைதானத்து ரன் அவுட்டுக்கும் சம்பந்தம் இல்லை. மெயிலில் அது ‘தீர்ந்துபோவது’.

இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. 2019 கோடையை நினைத்துப் பாருங்கள். பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் எல்லாம் தரை தெரிய வறண்டு, குடத்தோடு லாரிக்குக் காத்திருந்தோம். உலகம் முழுக்க ஆங்கிலச் செய்திகளில் நம் ஊர் வந்தது. ‘த லேக்ஸ் ஹேவ் ரன் டிரை’ என்றால் ஏரிகள் வற்றிவிட்டன. ‘த சிட்டி ஹேஸ் ரன் அவுட் ஆஃப் வாட்டர்’ என்றால் நகரத்துக்குத் தண்ணீர் தீர்ந்துவிட்டது. இரண்டாவது வாக்கியத்தில் எழுவாய் யார் பாருங்கள்: தண்ணீர் இல்லை, நகரம். நாம் ‘எங்களுக்குத் தண்ணி தீர்ந்துபோச்சு’ என்று தண்ணீரை முன்னால் நிறுத்துவோம். அதை அப்படியே தூக்கிக்கொண்டுபோய் ‘ஃபார் அஸ் வாட்டர் இஸ் ஓவர்’ என்று எழுதுகிறோம். ஆங்கிலத்தில் தீர்ந்துபோன பொருளுக்கு முன்னால் ஆளை நிறுத்தி, நடுவில் ‘ஆஃப்’ போட்டால் வாக்கியம் சரியாக உட்கார்ந்துவிடும். நாளைக்கு உங்கள் கிடங்கில் அட்டைப்பெட்டி தீர்ந்தால் ‘ஸ்டாக் ஓவர்’ என்று எழுதாமல் ‘வி ஹேவ் ரன் அவுட் ஆஃப் கார்ட்டன்ஸ்’ என்று எழுதுங்கள்.

‘ரன் இன்டு’ பற்றி எழுத எனக்கு ஒரு சொந்தக் காரணம் இருக்கிறது. அண்ணா சாலையில் ஒரு அலுவலகத்தில் நான் முதன்முதலில் வேலைக்குச் சேர்ந்து இரண்டு மாதம். வெளியூரிலிருந்து வந்திருந்த ஒருவர் ‘ஐ ரேன் இன்டு யுவர் டைரக்டர் அட் த ஏர்போர்ட்’ என்றார். இயக்குநர் மேல் மோதிவிட்டார் என்று பதறி, ‘அவருக்கு அடி ஒன்றும் இல்லையே’ என்று கேட்டுவிட்டேன். எதிர்பாராமல் பார்த்தேன் என்றுதான் அவர் சொல்லியிருக்கிறார். அறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். என் மேலதிகாரி அதைப் பல மாதம் பலரிடம் சொல்லிக் காட்டினார். அதன் பிறகு ஏறக்குறைய ஒரு வருஷம் எந்த மீட்டிங்கிலும் நான் வாயைத் திறக்கவில்லை. அந்த ஒரு வருஷத்தில் கேட்டிருக்க வேண்டிய கேள்விகளை நினைத்தால் இன்றும் வலிக்கிறது. ஆங்கிலம் கற்றுத்தரும் வேலைக்கு நான் வந்ததற்கு அந்த மௌனமும் ஒரு காரணம். நீங்கள் அப்படி மௌனமாகிவிடக் கூடாது என்பதற்காகவே இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். அப்புறம் இன்னொன்று: ‘ரன் இன்டு’வுக்கு மோதுவது என்ற பொருளும் உண்டு. ‘த கார் ரேன் இன்டு எ வால்’ என்றால் கார் சுவரில் மோதியது. நான் தெரிந்து வைத்திருந்த பொருள் தப்பில்லை, அந்த இடத்துக்கு அது வரவில்லை. உங்கள் விஷயத்திலும் அப்படித்தான்.

மற்றவற்றைப் போகிறபோக்கில் சொல்கிறேன். ‘ரன் த்ரூ’ என்றால் ஒருமுறை முழுக்கப் பார்த்துக்கொண்டு போவது. ‘ரன் ஓவர்’ வண்டி ஏறுவதற்கும் வரும், குறித்த நேரத்தைத் தாண்டி மீட்டிங் நீள்வதற்கும் வரும். ‘டிரை ரன்’ ஒத்திகை. ‘இன் த லாங் ரன்’ நாளடைவில். ‘த்ரீ டேஸ் ரன்னிங்’ என்று கடைசியில் வந்தால் தொடர்ந்து மூன்று நாள்.

தேர்தலுக்கும் இது வரும். 2024-இல் கமலா ஹாரிஸ் அமெரிக்க அதிபர் பதவிக்குப் போட்டியிட்டபோது ‘ஷி இஸ் ரன்னிங் ஃபார் பிரசிடென்ட்’ என்று எங்கும் கேட்டோம். நம் பெசன்ட் நகரில் தாத்தாவோடு கடற்கரையில் நடந்த கதையை அவர் சொல்லியிருப்பதால், என் வகுப்பில் பெண்கள் அந்தச் செய்திகளை விடாமல் படித்தார்கள். அமெரிக்கர்கள் தேர்தலில் ‘ரன்’ செய்வார்கள், பிரிட்டனில் ‘ஸ்டாண்ட்’ செய்வார்கள், நம் ஆங்கிலப் பத்திரிகைகள் ‘கன்டெஸ்ட்’ என்று எழுதும். ஒருவர் ஓடுகிறார், ஒருவர் நிற்கிறார், வேலை ஒன்றுதான். நாமும் ‘தேர்தலில் நிற்கிறார்’ என்கிறோமே!

இனி உங்கள் கடிதத்தின் இரண்டாவது வாக்கியம். ‘முப்பத்தாறு ரன்னிங்’ என்று எழுதியிருக்கிறீர்கள். நம் ஊரில் எல்லோருக்கும் புரியும், நானும் பேசுகிறேன். இப்படி நாமே செய்துகொண்ட ‘ரன்னிங்’ நிறைய உண்டு. ஓடுகிற பஸ்ஸில் ஏறாதே என்பதற்கு ‘ரன்னிங் பஸ்ல ஏறாத’ என்கிறோம். கூட்டெழுத்துக்கு ‘ரன்னிங் ரைட்டிங்’. பழைய ஸ்கூட்டர் விற்றால் ‘ரன்னிங் கண்டிஷன்’. தச்சர் மரச்சட்டத்துக்கு ‘ரன்னிங் அடி’யில் விலை சொல்கிறார். இவற்றில் கடைசி இரண்டும் வெளிநாட்டிலும் ஏறக்குறைய செல்லும். வயது ரன்னிங்கும் ரன்னிங் பஸ்ஸும் செல்லாது. லண்டன்காரருக்கு எழுதும்போது ‘ஐ ஆம் தர்ட்டி சிக்ஸ்’ போதும், பஸ்ஸுக்கு ‘மூவிங் பஸ்’. வீட்டில், தெருவில், தோழிகளிடம் எதையும் மாற்ற வேண்டாம். அது நம் பேச்சு, அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

இப்போது செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ஆறு மாத மெயில்கள் உங்கள் கையில் இருக்கின்றன. அவற்றின் தேடல் பெட்டியில் ‘ரன்’, ‘ரன்னிங்’, ‘ரேன்’ என்று ஒவ்வொன்றாகப் போட்டுத் தேடுங்கள். பெரும்பாலும் திரும்பத் திரும்ப ஒரு பத்துப் பன்னிரண்டு விதம்தான் வரும். உங்கள் வேலைக்கு வேண்டிய ‘ரன்’ அவ்வளவுதான். அந்த வாக்கியங்களை முழுதாக நோட்டில் எழுதுங்கள். சொல்லைத் தனியாகப் பிய்த்து எழுதாதீர்கள். பக்கத்தில் நீங்கள் வீட்டில் பேசுகிற தமிழில் பொருள் எழுதுங்கள்: காதில் போட்டு வை, தீர்ந்துபோச்சு, லேட்டாகுது. அகராதி வாங்குவதாக இருந்தால், வேற்றுமொழிக்காரர்களுக்கென்று எழுதிய, ஒவ்வொரு பொருளுக்கும் வாக்கியம் கொடுக்கிற அகராதியாகப் பார்த்து வாங்குங்கள். புரியாத மெயில் வந்தால் அனுப்பியவரிடமே கேளுங்கள். ‘ஜஸ்ட் டு பி ஷ்யூர், டூ யூ மீன்’ என்று தொடங்கி நீங்கள் புரிந்துகொண்டதை எழுதினால் யாரும் குறைவாக நினைப்பதில்லை. தப்பாகச் சரக்கு போவதைவிட ஒரு மெயில் கூடுதலாகப் போவதைத்தான் எந்த வாடிக்கையாளரும் விரும்புவார்.

ஒரே ஒரு எச்சரிக்கை. ரன், ரேன், ரன் என்று இந்தச் சொல் மூன்றாவது படியில் மறுபடி முதல் உருவத்துக்கே திரும்பிவிடும். அதனால் ‘ஹேவ்’ வந்தால் ‘ரேன்’ வராது. உங்கள் லண்டன்காரருக்கு இன்னும் பதில் போகவில்லை என்றால் இதை அனுப்புங்கள்: ‘ஐ ஹேவ் ரன் திஸ் பை மை மேனேஜர். ஹி இஸ் ஹேப்பி வித் இட்.’ மேனேஜர் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் இரண்டாவது வாக்கியத்தை மட்டும் மாற்றிக்கொள்ளுங்கள்.